அறுபது தோல், நாற்பது வெண்கலம்

"சரி, அப்ப அந்தச் சத்தம் எந்த நாட்டுதுன்னாவது சொல்லுங்க."

"சத்தத்துக்கு ஏது தோழரே நாடு?"

"எல்லாத்துக்கும் இருக்கு. என் மீசைக்குக்கூட இருக்கு. நீங்க வாசிச்சீங்களே, அந்தப் பாட்டோட பேரு, எழுதினவர் பேரு, அவர் எந்த ஊர்க்காரர்னு சொன்னா நாங்க எழுந்து சாப்பிடப் போயிடுவோம். உருளைக்கிழங்கு சூப் ஆறுது."

"பேரு கிடையாது. எழுதினது நான்தான். எழுதிக்கிட்டே வாசிச்சேன்."

"எழுதிக்கிட்டே வாசிச்சாராம்," என்று மீசைக்காரர் பக்கத்தில் இருந்த பெண்ணிடம் திரும்பினார். "சமைச்சுக்கிட்டே சாப்பிடற மாதிரி."

"எங்க வீட்ல அப்படித்தான்," என்றாள் அவள்.

மேடையில் டிரம்ஸுக்குப் பின்னால் முக்காலியில் உட்கார்ந்திருந்த ஆர்னோ வெண்ட்லருக்கு வியர்வை காதுக்குப் பின்னால் வழிந்துகொண்டிருந்தது. மோல்விட்ஸ் நிலக்கரிச் சுரங்கத்தின் கலைமன்றம் அது. ஆர்னோ அந்தச் சுரங்கத்தில் எலக்ட்ரீஷியன். ஊரில் யார் மேடையேறி வாசிக்க வேண்டுமென்றாலும் முதலில் இந்தக் குழுவின் முன்னால் வாசித்துக் காட்டி அட்டை வாங்க வேண்டும். அட்டை இல்லாதவன் கல்யாண வீட்டில்கூடக் கை தட்டலாமே தவிர டிரம் தட்டக் கூடாது. ஜெர்மனி இரண்டாக இருந்த காலம். மோல்விட்ஸ் கிழக்கில் இருந்தது.

மீசைக்காரர் ஓட்மார் பீஸ்கர், மாவட்டக் கலைத்துறையின் தலைவர். சுரங்கத் தொழிலாளர் பேண்டில் டிராம்போன் ஊதுகிறவர். பக்கத்தில் இருந்த ரோஸ்விதா நோவாக்குக்கும் இசைக்கும் ஸ்நானப் பிராப்தி கிடையாது. சுரங்க வாசலில் போகிற வருகிற கரி வேகன்களை எண்ணுவதுதான் அவள் வேலை. குழுவின் இன்னொரு உறுப்பினருக்குப் பல்வலி வந்துவிட்டதால், இரண்டு கண்ணும் இரண்டு காதும் உள்ள யாராவது வரட்டும் என்று அவளை அனுப்பியிருந்தார்கள்.

"சட்டம் தெரியும்ல வெண்ட்லர்?" என்றார் பீஸ்கர். "ஒரு சாயங்காலம் வாசிக்கற வாசிப்புல நூத்துக்கு அறுபது நம்மது, இல்லேன்னா நம்ம சகோதர நாடுகளோடது. மிச்சம் நாப்பதுக்குள்ள மேற்கத்திக்காரன் சமாச்சாரம் இருக்கலாம். நடனக் கோஷ்டிக்காரங்க பாட்டுகளை எண்ணிக் குடுத்துடறாங்க. நீங்க ஒரே மூச்சுல இடிஇடின்னு இடிச்சிட்டு இறங்கினா நான் எதை எண்ணறது?"

ஆர்னோ குச்சிகளை மடியில் வைத்தான். அவனுக்கு அந்த அட்டை வேண்டும். எதற்கு வேண்டும் என்று கேட்டிருந்தால் சொல்லக் கூச்சப்பட்டிருப்பான். அவனுக்கு இடதுபுறமாக ஒரு கம்பத்தில் தொங்கியது சிம்பல் என்கிற வெண்கலத் தட்டு ஒன்று. அதற்காகத்தான்.

பீஸ்கரின் கண்ணும் அங்கேயே போய் நின்றது.

"அந்தத் தட்டு எங்கே பிடிச்சீங்க?"

"மேற்கு பெர்லின்ல எங்க அத்தை இருக்காங்க. அவங்க கொண்டு வந்தாங்க."

"எப்படிக் கொண்டு வந்தாங்க?"

"பிளம்ஸ் கேக்குக்கு அடியில."

உண்மைதான். அறுபதைத் தாண்டிய எல்ஃப்ரீடே அத்தைக்குச் சொந்தக்காரர்களைப் பார்க்க எல்லையைக் கடந்து வந்து போக அனுமதி இருந்தது. முந்தின கோடையில் வெண்கலத் தட்டின் மேல் ஒரு முழு பிளம்ஸ் கேக்கை வைத்து மடியில் ஏந்திக்கொண்டு ரயிலில் வந்தாள். எல்லைக் காவலாளி ஒரு துண்டு கேட்டு வாங்கிச் சாப்பிட்டுவிட்டு, "தட்டு ரொம்ப கனம் போலிருக்கே அம்மா," என்றிருக்கிறான். "என் கேக்கும் லேசில்லையே தம்பி," என்றிருக்கிறாள் இவள். ஆர்னோவின் சமையலறையில் கேக்கை எடுத்துத் தள்ளி வைத்தாள். ஒட்டியிருந்த பழச்சாற்றைத் துடைத்தாள். தட்டின் நடு ஓட்டையில் ஒரு துணிக்கயிற்றைக் கோத்துத் தூக்கிப் பிடித்துக்கொண்டு, கேக் வெட்டும் கத்தியின் பிடியால் விளிம்பில் ஒரு தட்டுத் தட்டினாள்.

அந்த ஒலியை ஆர்னோ வெண்ட்லரால் பிறகு யாரிடமும் விவரிக்க முடியவில்லை. அது போய்க்கொண்டே இருந்தது. அடுப்பில் இருந்த பாலின் ஆடை நடுங்கியது. மாடிவீட்டுக்காரன் ரேடியோவை அணைத்துவிட்டுக் காது கொடுத்தான். முடிந்துவிட்டது என்று நினைத்தபோது அதற்கு உள்ளிருந்து இன்னொன்று மெல்ல எழுந்து வந்தது. ஆர்னோ பழக்கதோஷத்தில் தட்டைப் பிடிக்கக் கையை நீட்டினான். அத்தை அவன் புறங்கையில் கத்திப் பிடியால் ஒன்று போட்டாள்.

"கைய வைக்காதேடா. அதுவா ஓயட்டும். ஒரு நாள் மேடையில இதை இப்படியே விடணும் நீ. நான் முதல் வரிசையில உக்காந்து கேக்கணும்."

"விடறேன் அத்தை," என்று சொல்லியிருந்தான். அதற்குத்தான் அட்டை.

இங்கே பீஸ்கருக்கு முகம் தெளிந்துவிட்டது. கணக்கு வழி கிடைத்த மனிதனின் முகம்.

"இருங்க, இருங்க. டிரம்முக்கு மேல இழுத்துக் கட்டியிருக்கற தோல் எங்க மாடு?"

"சாக்சனி கன்னுக்குட்டின்னு சொல்லித்தான் வித்தாங்க."

"நம்மது. குச்சி?"

"நானே செதுக்கினது. பின்னாடி காட்டு மரம்."

"நம்மது. வாசிக்கறப்ப மூக்கால புஸ்ஸு புஸ்ஸுன்னு மூச்சு விடறீங்களே, அது?"

"அது என்னுது."

"நம்மது," என்று திருத்தினார் பீஸ்கர். "ஆக, தட்டு ஒண்ணுதான் அவங்களது. நூறு அடி அடிச்சீங்கன்னா அறுபது தோல் மேல, நாப்பது வெண்கலத்து மேல. முடிஞ்சுது. வாங்க ரோஸ்விதா, சூப்."

ரோஸ்விதா எழுந்திருக்கவில்லை.

"ஒரு சந்தேகம் தோழரே. டிரம்மை அடிச்சா 'தொப்'புன்னு முடிஞ்சுடுது. தட்டை அடிச்சா ஜ்ஜ்ஜங்ங்னு நிக்காம ஓடுதே. வேகன் உள்ள வந்தா வந்ததுதான். பாதி வந்து வாசல்லயே நின்னா நாங்க அதை எப்படிக் கணக்குல எடுக்கறது?"

பீஸ்கர் மறுபடி உட்கார்ந்தார். "எவ்வளவு நேரம் ஓடும் வெண்ட்லர்?"

"அதுவா ஓயற வரைக்கும்."

"அது வரைக்கும் அவங்க சத்தம் நம்ம காத்துல இருந்துக்கிட்டே இருக்கும்?"

"நம்ம காத்துதானே தோழரே ஓடுது?"

"குதர்க்கம் வேணாம். அடிங்க, பார்ப்போம்."

ரோஸ்விதா கோட்டுப் பையிலிருந்து இரண்டு இரும்பு டப்பிகளை எடுத்தாள். வேகன் எண்ணுகிற டப்பிகள். கட்டைவிரலால் அழுத்தினால் 'டிக்' என்று ஓர் எண் ஏறும். வலது கை தோலுக்கு, இடது கை வெண்கலத்துக்கு என்று வைத்துக்கொண்டாள். ஆர்னோ தட்டை அடித்தான். ஒலி எழுந்து கலைமன்றத்தின் கூரைக்குப் போயிற்று, திரைச்சீலைக்குப் போயிற்று, பீஸ்கரின் மீசைக்குள் புகுந்து வெளியே வந்தது. ரோஸ்விதாவின் இடது கட்டைவிரல் டிக் டிக் டிக் டிக் என்று ஓடிக்கொண்டே இருந்தது. கீழே உணவுக்கூடத்தில் மேஜைகளைத் துடைக்கும் சத்தம் கேட்கத் தொடங்கியது.

"போதும்!" என்று கத்தினார் பீஸ்கர். "ஒரே அடியில அடுத்த மே தினம் வரைக்கும் உள்ள பங்கைத் தின்னுட்டீங்களே அய்யா! பிடிங்க அதை, கையால பிடிங்க!"

ஆர்னோ இடது கையால் தட்டைப் பிடித்தான். ஒலி செத்தது. ரோஸ்விதாவின் கட்டைவிரலும் நின்றது.

"அவ்வளவுதான்," என்றார் பீஸ்கர் நெற்றியைத் துடைத்துக்கொண்டு. "அடிக்க வேண்டியது, உடனே பிடிச்சுக்க வேண்டியது. அப்ப அது ஒண்ணுதான். அட்டை தரேன். இவங்க ஒவ்வொரு கச்சேரிக்கும் வந்து எண்ணுவாங்க."

"நானா?" என்றாள் ரோஸ்விதா.

ஆர்னோ வெண்ட்லரின் கலை வாழ்க்கை இப்படித் தொடங்கியது.

*

மாதா கோயில் கூடங்களில், மாணவர் விடுதிகளில், மூடிய சினிமா கொட்டகைகளில் என்று எங்கே வாசித்தாலும், முதல் வரிசையில் வலதுபக்க ஓரத்து நாற்காலி ரோஸ்விதாவுடையது. கோட்டைக் கழற்றி மடியில் போட்டுக்கொள்வாள். இரண்டு டப்பிகளையும் முழங்கால் மேல் நிறுத்துவாள். ஆர்னோ தோல்களின் மேல் மழைபோலக் கொட்டிவிட்டு, எங்கோ ஓரிடத்தில் தட்டை ஒன்று தொட்டு, தொட்ட வேகத்திலேயே பிடித்துக்கொள்வான். 'ட்ஸ்'. தும்மல் வந்து அடங்கினதுபோல் ஒரு சத்தம். கூடவே 'டிக்'.

முதலில் அவனுக்கு அந்த 'டிக்' காதில் விழுந்த கல்லாக இருந்தது. பிறகு வழிகாட்டி ஆயிற்று. இடதுபக்க 'டிக்' அடர்த்தியானால் அவள் புருவம் ஏறும். அவன் தோலுக்குத் திரும்புவான். அவளும் தேறிக்கொண்டே வந்தாள். ஒரு நாள் வாசிப்பு முடிந்து ரயில் நிலையத்தில் நின்றபோது ஆர்னோ கேட்டான்.

"நோவாக் அம்மா, இன்னிக்கு ஒரு இடத்துல நான் தட்டை அடிக்கவே இல்லை. நீங்க அதுக்குள்ள டிக்குன்னீங்க."

"அடிக்கப் போறீங்கன்னு தெரிஞ்சுது. முகம் அப்படிப் போச்சு."

"அடிக்காம விட்டிருந்தா?"

"அதான் அடிச்சீங்களே."

"நீங்க எண்ணிட்டீங்களேன்னு அடிச்சேன்!"

"அப்ப கணக்கு சரியா இருக்குல்ல? அப்புறம் என்ன?" என்று ஊறுகாய் வெள்ளரி ஒன்றை ஜாடியிலிருந்து எடுத்துக் கடித்தாள்.

அன்றிலிருந்து யார் யாருக்கு வாசிக்கிறார்கள் என்று இருவருக்குமே தெரியாமல் போயிற்று. ஆனால் 'நீங்க' போட்டுத்தான் பேசிக்கொண்டார்கள். 'நீ' என்று கூப்பிட அந்த ஊர் வழக்கப்படி ஒரு கோப்பை பீராவது சேர்ந்து குடித்திருக்க வேண்டும். ரோஸ்விதா பணியில் இருக்கும்போது குடிப்பதில்லை. ஆர்னோ வாசிக்கும் நேரமெல்லாம் அவள் பணியில் இருந்தாள்.

அவன் எழுதவும் எழுதினான். பெர்லின் ரேடியோவுக்கு ஒன்று, நாடகக் கொட்டகைக்கு இரண்டு. தோலடியைப் புள்ளியாகவும் வெண்கல அடியைப் பெருக்கல் குறியாகவும் போடுவான். எல்லாவற்றிலும் கடைசி வரியில் ஒரு பெரிய வட்டம் இருக்கும். உள்ளே ஒன்றுமே இல்லாத வட்டம். கைவைக்காமல் விட வேண்டிய அந்த ஓர் அடிக்கான அடையாளம் அது. எழுதுவான், வாசிக்கிறபோது வட்டம் வருவதற்கு முன்னால் எழுந்து குனிந்து வணக்கம் சொல்லிவிடுவான். வருஷத்துக்கு ஒரு முறை எல்ஃப்ரீடே அத்தை கேக்கோடு வந்து முதல் வரிசையில் இடதுபக்க ஓரத்தில் உட்காருவாள். முடிந்ததும் கேட்பாள்.

"ஏண்டா, இன்னிக்கும் விடலையா?"

"பங்கு பத்தலை அத்தை."

"அந்தப் பொண்ணுதான் எண்ணுதா? அதுக்கு நான் ஒரு துண்டு கேக் குடுக்கட்டுமா?"

கொடுத்தாள். ரோஸ்விதா வாங்கிக்கொண்டாள், ருசி நன்றாக இருக்கிறது என்றாள், ஆனால் பங்கு பங்குதான் என்றும் சொன்னாள்.

பிறகு மேற்கே ஹாம்பர்க்கிலிருந்து ஃபோஸ் என்ற விமர்சகர் வந்தார். கறுப்பு ஸ்வெட்டர், கறுப்புக் கண்ணாடி. இரண்டு மணி நேரம் அசையாமல் கேட்டார், எழுதி வைத்த தாளையும் வாங்கிப் பார்த்தார். ஊருக்குப் போய் எழுதினார்: உலகத்தில் எல்லா டிரம்காரர்களும் தட்டை அடிக்கிறார்கள், வெண்ட்லர் ஒருவர்தான் அடித்ததற்காக வருந்துகிறார். ஒவ்வொரு ஒலியும் பிறந்த கணமே கழுத்து நெரிக்கப்படுகிறது. மேடைக்குக் கீழே மடியில் கோட்டோடு வீற்றிருக்கும் பெண் காலதேவதை. கடைசி வட்டமோ, வாசிக்க இயலாத வெறுமை.

"காலதேவதையா?" என்றாள் ரோஸ்விதா. "எனக்கு மூட்டுவலி. கோட்டை அதுக்காக மடியில போட்டுக்கறேன்."

அந்தக் கட்டுரைக்குப் பிறகு மேற்கு ஜெர்மனியின் இளம் டிரம்காரர்களெல்லாம் தட்டை அடித்து உடனே பிடிக்கத் தொடங்கினார்கள். ரைன் நதிக்கரையில் நடக்கும் விழா ஒன்றுக்கு வெண்ட்லரை அழைத்தார்கள். பீஸ்கர் பல ஆபீஸ்கள் ஏறி இறங்கி அனுமதி வாங்கிக் கொடுத்தார், ரோஸ்விதாவும் கூடப் போக வேண்டும் என்ற நிபந்தனையோடு.

மேடையேறும் முன்னால் ரோஸ்விதாவுக்கு ஒரு குழப்பம் வந்துவிட்டது.

"வெண்ட்லர், நாம இப்ப மேற்குல இருக்கோம். இங்கே தட்டுதான் உள்ளூர்ச் சரக்கு. உங்க கன்னுக்குட்டித் தோல்தான் வெளிநாடு. அப்ப கணக்கு தலைகீழா வரும்ல?"

ஆர்னோ மனசுக்குள் கணக்குப் போட்டான். வெண்கலம் அறுபது! அத்தை அன்று முதல் வரிசையில் இருந்தாள். பெர்லினிலிருந்து மருமகனைக் கேட்க வேண்டுமென்று, மூச்சு வாங்கினாலும் பரவாயில்லை என்று வந்திருந்தாள். இன்று வட்டத்தை வாசித்துவிடலாம்.

"ஆமாம்! தலைகீழாத்தான் வரும்!" என்றான்.

"எதுக்கும் ஒரு வார்த்தை கேட்டுடறேன்," என்று ரோஸ்விதா போனுக்குப் போனாள். மோல்விட்ஸுக்கு இணைப்புக் கிடைக்க நெடுநேரம் பிடித்தது. கூட்டம் கைதட்டித் தட்டி ஓய்ந்து மறுபடி தட்டியது. பீஸ்கரின் குரல் குழாய்க்கு வெளியிலும் கேட்டது.

"அவன் எதுல உக்காந்து வாசிக்கிறான்?"

"நம்ம கலைமன்றத்து முக்காலிலதான். இங்க இருக்கறது அவருக்கு உயரம் ஒத்துக்கலை, அதனால கூடவே கொண்டு வந்துட்டாரு."

"அப்ப அவன் நம்ம முக்காலிலதானே இருக்கான்? கணக்கு அங்கேயிருந்துதான். அறுபது தோல், நாப்பது வெண்கலம்!"

ஆர்னோ முக்காலியை எட்டி உதைக்கலாமா என்று யோசித்தான். பிறகு உட்கார்ந்து வாசித்தான். 'ட்ஸ்'. 'டிக்'. கூட்டம் எழுந்து நின்று ஆரவாரித்தது. வெளியே வந்தபோது அத்தை அவன் கன்னத்தைத் தடவினாள்.

"இங்கேயுமாடா?" என்று மட்டும் கேட்டாள்.

அடுத்த பனிக்காலத்தில் அவள் போய்ச் சேர்ந்தாள். செய்தி தாமதமாக வந்தது. கேக்குக்கு அடியில் வைக்க அவள் வாங்கி வைத்திருந்த இரண்டாவது தட்டு யாருக்குப் போயிற்று என்று தெரியவில்லை.

*

பிறகு ஒரு நவம்பரில் எல்லை திறந்துகொண்டது. பீஸ்கரின் அலுவலகம் போயிற்று, சட்டம் போயிற்று, கொஞ்ச நாளில் நாடே போயிற்று. அறுபதும் நாற்பதும் எங்கே போயின என்று யாரும் கேட்கவில்லை. அடுத்த கச்சேரியில் வலதுபக்க ஓரத்து நாற்காலி காலியாக இருந்தது.

அன்றைக்குத்தான் ஆர்னோ வட்டத்தை வாசிப்பது என்று முடிவு செய்திருந்தான். தோல்களை உருட்டிக் கொண்டுவந்து, குச்சியை உயரத் தூக்கி, அத்தையை நினைத்துக்கொண்டு தட்டை ஓங்கி அடித்தான்.

'ட்ஸ்'.

இடது கை தட்டைப் பிடித்திருந்தது. அவன் பிடிக்கச் சொல்லவில்லை. மறுபடி அடித்தான். 'ட்ஸ்'. கை அவனுக்கு முன்னால் போய்க் காத்திருந்தது. கூட்டம் மெய்மறந்து கைதட்டியது.

வீட்டில் கதவைச் சாத்திக்கொண்டு முயன்றான். இடது கையைத் தொடைக்கு அடியில் போட்டு அதன் மேல் உட்கார்ந்தான். அடித்த நொடியில் அது உருவிக்கொண்டு எழுந்தது. நாற்காலியோடு சேர்த்துக் கம்பளித் துண்டால் கட்டினான். கை நாற்காலியையும் தூக்கிக்கொண்டு போனது. முதுகில் இன்னும் தழும்பு இருக்கிறது. கடைசியில் வெள்ளரி ஊறுகாய் ஜாடிக்குள் மணிக்கட்டு வரை நுழைத்துச் சிக்க வைத்துக்கொண்டான். அடித்தான். ஜாடி பறந்து போய்த் தட்டின் மேல் சாய்ந்து அதை அமுக்கியது. அறை முழுக்கக் காடி, சோம்புத்தழை, வெள்ளரித் துண்டுகள். ஒலி மட்டும் இல்லை. டாக்டர் கையை நீட்டி மடக்கிப் பார்த்து, இந்த வயதுக்கு இவ்வளவு துடியான கை கிடைப்பது அபூர்வம் என்று வாழ்த்தி அனுப்பினார்.

பீஸ்கர் இப்போது அவனுடைய ஏஜென்ட். மீசையை எடுத்திருந்தார்.

"எதுக்குப் புலம்பறே வெண்ட்லர்? அந்த 'ட்ஸ்'ஸுக்குத்தானே டிக்கெட் வாங்கறாங்க! மியூனிக்ல கேக்கறாங்க, அந்த டிக் டிக் பொம்பளை வருவாளான்னு. நான் ஒரு நடிகையைப் பேசி வெச்சிருக்கேன். ரெண்டு டப்பியும் குடுத்தாச்சு. கோட்டும் தைச்சாச்சு."

நடிகை வந்தாள். அழகாக உட்கார்ந்தாள், அழகாக அழுத்தினாள். தாளத்தோடு அழுத்தினாள் என்பதுதான் சங்கடம். ஆர்னோவுக்கு முன்னாலும் இல்லை பின்னாலும் இல்லை, அப்படியே ஒட்டிக்கொண்டு வந்தாள். சுவரில் தன் நிழலோடு கை குலுக்குவது போலிருந்தது அவனுக்கு. நடுவில் எழுந்து, தட்டைக் கம்பத்திலிருந்து கழற்றி, தட்டு வைத்துக் கொண்டுவரும் அத்தையின் பழைய கேக் டின்னில் போட்டுக்கொண்டு பக்கவாட்டுக் கதவால் இறங்கிப் போனான். அதற்கும் கைதட்டினார்கள்.

*

மோல்விட்ஸுக்கு வெளியே புதிய புறவழிச்சாலை போட்டிருந்தார்கள். அதற்கும் ஊருக்கும் நடுவில், புல்மேட்டில், மடக்கு நாற்காலி ஒன்றில் ரோஸ்விதா உட்கார்ந்திருந்தாள். மடியில் கோட்டு. முழங்கால்களின் மேல் அதே இரண்டு டப்பிகள். காலையில் பெய்த மழையில் தார் பளபளத்தது.

"சுரங்கத்தை மூடிட்டாங்க," என்றாள் திரும்பிப் பார்க்காமலே. "இப்ப சாலைத் துறைக்கு வண்டி எண்ணறேன். வலது கை காரு, இடது கை லாரி. உங்க நடை சத்தம் மாறவே இல்லை வெண்ட்லர். என்ன விஷயம்?"

ஆர்னோ கேக் டின்னைப் புல்லில் வைத்து அதன் பக்கத்தில் உட்கார்ந்தான். கையின் கதையைச் சொன்னான். நாற்காலி, ஜாடி, டாக்டர் எல்லாம். வெள்ளரித் துண்டுகள் பறந்த இடத்தில் ரோஸ்விதா சிரிப்பை அடக்கிக்கொண்டாள். அதற்குள் இரண்டு கார் தப்பிப் போகாமல் டிக் டிக் என்று எண்ணியும் விட்டாள்.

"நடிகையாமே?" என்றாள்.

"கேள்விப்பட்டீங்களா?"

"பீஸ்கர் என்கிட்டதான் கோட்டு அளவு கேட்டாரு." டிக். "நல்லா எண்ணினாளா?"

"அவ எண்ணவே இல்லை. வாசிச்சா."

ரோஸ்விதாவின் முகத்தில் ஒரு சின்னத் திருப்தி வந்து போயிற்று. நீலக் கார் ஒன்று கடந்தது. டிக்.

"பழகிப் போச்சு வெண்ட்லர். உங்களுக்குக் கை. எனக்குக் கட்டைவிரல்." இடது கையைச் சற்றுத் தூக்கிக் காட்டினாள். "என் தம்பி கல்யாணத்துல கோயில் மணி அடிச்சாங்க. எல்லாரும் அழுதுக்கிட்டு நிக்கறாங்க, நான் கோட்டுப் பைக்குள்ள டிக் டிக் டிக்குன்னு அழுத்திக்கிட்டு நிக்கறேன், மணி ஓயற வரைக்கும். வெறும் கைதான், டப்பிகூட இல்லை. அப்புறம்தான் தோணிச்சு. இத்தனை வருஷம் உங்க தட்டுக்கு முன்னாடியே உக்காந்திருந்தேன். அது என்ன சத்தம்னு எனக்குத் தெரியாது. அன்னிக்கு உங்க அட்டைக்காக வந்தப்ப அடிச்சீங்களே, அப்பக்கூட எண்ணத்தான் எண்ணினேன். கேக்கலை."

"எங்க அத்தை கேட்டாங்க. ஒரு தடவை."

"நல்ல கேக். பிளம்ஸ் கொஞ்சம் புளிப்பா இருக்கும்."

சாலை காலியாக இருந்தது. ஆர்னோ டின்னைத் திறந்து தட்டை வெளியே எடுத்தான். நடு ஓட்டையில் துணிக்கயிறு இன்னும் இருந்தது, அத்தை கோத்த அதே கயிறு, பழச்சாறு பட்ட இடத்தில் ஊதாக் கறையோடு. புல்மேட்டில் 'வேகத்தைக் குறை' என்று ஒரு பலகை நின்றது. அதன் குறுக்குக் கம்பியில் தட்டைக் கட்டித் தொங்கவிட்டான். காற்றில் அது லேசாகத் திரும்பியது. இடது கை உடனே எழுந்து அதன் பக்கத்தில் போய் நின்றுகொண்டது. எஜமான் எப்போது கிளம்புவார் என்று வாசலில் காத்திருக்கும் நாயைப் போல.

"பாருங்க," என்றான் ஆர்னோ. "இன்னும் குச்சியைக்கூட எடுக்கலை."

"யாரையாவது பிடிச்சுக்கச் சொல்லிப் பார்த்தீங்களா?"

"பீஸ்கரைச் சொன்னேன். ரெண்டு கையாலயும் கட்டிப் பிடிச்சுக்கிட்டாரு. அவரையும் சேர்த்து இழுத்துட்டுப் போய்த் தட்டு மேல போட்டுடுச்சு. அவரு வயிறு தட்டை அமுக்கிடுச்சு. 'பிரமாதம், இதையும் நிகழ்ச்சியில சேர்த்துக்கலாம்'ங்கறாரு."

ரோஸ்விதா இந்தத் தடவை சிரித்தேவிட்டாள். ஒரு கார் எண்ணப்படாமல் போயிற்று. அவள் அதைக் கவனித்தாள், கார் மறைகிற வரை பார்த்தாள்.

"அது யாருக்கும் அடங்காது," என்றான் ஆர்னோ. "ஏன்னு ரொம்ப நாள் யோசிச்சேன். அது தட்டைப் பிடிக்கலை நோவாக் அம்மா. உங்க இடது கட்டைவிரலை நிறுத்தப் போகுது. நீங்க எங்கேயோ உக்காந்து எண்ணிக்கிட்டு இருக்கீங்கன்னு அதுக்கு நினைப்பு. எண்ணலைன்னு நான் சொன்னா நம்பாது. அதுக்கே தெரியணும்."

தூரத்தில், சாலை மேடேறி வரும் இடத்தில், முதல் லாரியின் கூரை தெரிந்தது. அதன் பின்னால் இன்னொன்று, அதன் பின்னாலும் ஒன்று. மூடிய சுரங்கத்தின் இயந்திரங்களையெல்லாம் பிரித்து ஏற்றிக்கொண்டு வரிசையாக வந்தன. ரோஸ்விதா நிமிர்ந்து உட்கார்ந்தாள். இடது கட்டைவிரல் டப்பியின் மேல் போய்த் தயாராக நின்றது.

ஆர்னோ வலது கையில் குச்சியை எடுத்துக்கொண்டான். இடது கையைத் தட்டின் பக்கத்திலிருந்து பலவந்தமாகத் திருப்பி, உள்ளங்கை மேலே பார்க்க, அவள் மடியை நோக்கி நீட்டினான்.

"நோவாக் அம்மா," என்றான். "டப்பியை ஒரு நிமிஷம் கீழே வெச்சுட்டு, இதைக் கொஞ்சம் பிடிச்சுக்கறீங்களா?"